கனவில் கண்ட குறிக்கு அகராதி இல்லை

போன இதழில் வந்த என்னுடைய ‘துயில்நாடு’ கதைக்கு இவ்வளவு கடிதங்கள் வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. எல்லாவற்றுக்கும் இங்கே பதில் எழுத முடியாது, ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்துவிட்டேன். கதையைப் படிக்காதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். துயில்நாடு என்பது நான் கற்பனையில் கட்டிய ஒரு தீவு. அங்கே மந்திரம் வாயால் சொல்வதில்லை, கையால் வரைவது. வரையும் குறியை விழித்திருக்கும்போது யாராலும் உண்டாக்க முடியாது, கனவில்தான் அது வரும். கண்டவர் எழும்பியதும், ஒருவரோடும் ஒரு சொல் பேசுவதற்கு முதல், கையை எடுக்காமல் ஒரே கோட்டில் அதை வரைந்துவிட வேண்டும். சரியாக வரைந்தால் ஒரு தடவை வேலை செய்யும்: பூட்டின கதவு திறக்கும், காற்று திரும்பும், பிள்ளையின் காய்ச்சல் இறங்கும். அதற்கு விலை உண்டு. எந்த நினைவிலிருந்து அந்தக் குறி முளைத்ததோ அந்த நினைவு வரைந்தவரை விட்டுப் போய்விடும். கதையில் வருகிறவள் வலை பொத்தும் ஒரு பெண், அவளுக்கு நான் பெயர் வைக்கவில்லை.

சரி, கடிதங்களுக்கு வருகிறேன்.

அக்கா, நான் உயர்தரம் படிக்கிறேன். நானும் ஒரு கனவுலகக் கதை தொடங்கியிருக்கிறேன். கனவுப் பலன் புத்தகம் ஒன்றைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, பாம்பு என்றால் பகை, யானை என்றால் செல்வம், பல் விழுந்தால் சாவு என்று குறிகளுக்குப் பொருள் கொடுத்துக்கொண்டு போகிறேன். இது சரியான வழியா?
வாசகி, உவர்மலை

தங்கச்சி, அந்தப் புத்தகத்தை மூடி வையுங்கள். கதைக்கு அது உதவாது, கெடுக்கும்.

பாம்பையே எடுத்துப் பாருங்கள். தம்பலகாமத்தில் வயல் செய்கிறவரின் கனவில் பாம்பு வந்தால், அது இருட்டில் வரப்பில் கால் வைக்கிற நேரத்துப் பயமாக இருக்கலாம், எலியைத் தின்று நெல்லைக் காப்பாற்றுகிற துணையாகவும் இருக்கலாம். மூதூரில் கரைவலை இழுக்கிறவருக்குப் பாம்பு என்றால் வலையின் மடிக்குள் மீனோடு மீனாகக் கிடக்கும் கடற்பாம்பு. கோயிலில் நாகதம்பிரானுக்குப் பால் வைத்துப் பிள்ளை வரம் கேட்ட ஒரு தாய்க்கு அது வேறு ஒன்று. இந்த மூன்று பேருக்கும் ஒரே பொருளை எப்படிக் கொடுப்பீர்கள்? கெக்குலே என்ற ஜெர்மன் வேதியியலாளர், தன் வாலைத் தானே கவ்விய பாம்பு ஒன்றை அரைத்தூக்கத்தில் கண்டதாகவும், பென்சீன் அணுக்கள் வளையமாக இணைந்திருப்பது அதிலிருந்துதான் பிடிபட்டது என்றும் 1890 இல் பெர்லினில் நடந்த ஒரு விழாவில் சொன்னார். அதே பாம்பை நானோ நீங்களோ கண்டிருந்தால் பயந்து எழும்பித் தண்ணீர் குடித்திருப்போம். அவர் வருடக்கணக்காகக் கார்பன் சங்கிலிகளையே நினைத்துக்கொண்டு கிடந்தவர், அதனால் அவருக்குப் பாம்பு ஒரு வளையமாகத் தெரிந்தது.

நம்முடைய சிலப்பதிகாரத்தில் இதைவிட நல்ல பாடம் இருக்கிறது. கனாத்திறம் உரைத்த காதையில் கண்ணகி தன் தோழி தேவந்திக்குத் தன் கனவைச் சொல்கிறாள். கணவனோடு ஒரு பெரிய நகரத்துக்குப் போகிறாள், அங்கே ஊரார் பொருந்தாத பழி ஒன்றைத் தேளைத் தூக்கி மேலே போடுவதுபோல அவள் மேல் போடுகிறார்கள். தேள் என்றால் இன்ன பலன் என்று எந்தப் பஞ்சாங்கத்தில் தேடினாலும் அந்த வரி கிடைக்காது. வீட்டுக்குள்ளேயே வாழ்ந்த ஒரு பெண்ணுக்கு, தெரியாத ஊரில் தெரியாதவர்கள் தன் மேல் எதையோ எறிவது எப்படி இருக்கும், அதுதான் அந்தத் தேள்.

ஆகவே குறிக்குப் பொருள் தேட வேண்டிய இடம் உங்கள் பாத்திரத்தின் வாழ்க்கை. அவள் சின்ன வயதில் எந்தச் சத்தத்துக்குப் பயந்தாள், யாருடைய கையைப் பிடித்துக்கொண்டு நடந்தாள், வீட்டில் எந்தச் சாமான் உடைந்தபோது யாருமே பேசவில்லை, இதையெல்லாம் முதலில் எழுதிப் பாருங்கள். கதையில் வராவிட்டாலும் பரவாயில்லை, எழுதுங்கள். குறி அதற்குள்ளிருந்து தானாக எழும்பி வரும். துயில்நாட்டில் இரண்டு பேர் ஒரே குறியைக் கண்டால் அது இரண்டு வேறு வேலைகளைச் செய்யும் என்று நான் வைத்தது இதனால்தான்.

நீங்கள் விவரிக்கும் குறிகளைப் படித்தால் சிக்குக் கோலம் போலவே இருக்கிறது. கோலத்தைத்தான் மாற்றி எழுதினீர்களா?
ஓர் ஆசிரியை, செல்வநாயகபுரம்

ஆம் ரீச்சர், கோலத்திலிருந்துதான் எடுத்தேன், அதை மறைக்க எனக்கு எண்ணமே இல்லை. எங்கள் அம்மம்மா பொங்கலன்று விடியமுதல் முற்றத்தை மெழுகி அரிசிமாவால் கோலம் போடுவா. புள்ளிகளை வைத்துவிட்டுக் குனிந்தா என்றால், கோடு தொடங்கின இடத்துக்குத் திரும்பி வரும் வரைக்கும் நிமிர மாட்டா, நடுவில் கூப்பிட்டால் பதிலும் வராது. ‘ஒருவரோடும் பேசுவதற்கு முதல்’ என்ற சட்டம் எங்கிருந்து வந்தது என்று இப்போது உங்களுக்கு விளங்கியிருக்கும்.

ஆனால் நான் அதிகம் கற்றுக்கொண்டது கோலத்தின் கணக்கிலிருந்து. கொப்பியில் நீங்களே போட்டுப் பாருங்கள், பிள்ளைகளுக்கும் கொடுங்கள். நீளத்துக்கு நான்கு, அகலத்துக்கு மூன்று என்று புள்ளிகளை நேர் வரிசையில் வைத்து, ஒவ்வொரு புள்ளியையும் சுற்றிக் கோடு சாய்வாகப் போய், ஓரத்தில் திரும்பித் திரும்பி வரும்படி சிக்குப் போட்டால், பன்னிரண்டு புள்ளியையும் ஒரே கோடு சுற்றிவிடும். மூன்றுக்கு மூன்று வையுங்கள். எவ்வளவு கெட்டிக்காரக் கையாக இருந்தாலும் ஒரே கோட்டில் முடியாது, மூன்று தனித்தனிக் கோடுகள் வேண்டும். இரண்டுக்கு இரண்டு என்றால் இரண்டு கோடு. நான்குக்கு ஆறு என்றாலும் இரண்டுதான். இரண்டு எண்களுக்கும் பொதுவான மிகப்பெரிய வகுக்கும் எண் எதுவோ அத்தனை கோடுகள். பொதுக்காரணிகளுட் பெரியது என்று பள்ளிக்கூடத்தில் படித்தோமே, அதேதான், அம்மம்மாவின் முற்றத்தில் மாவாகக் கிடந்திருக்கிறது.

இது தெரிந்த அன்றைக்கு நான் தூங்கவில்லை. துயில்நாட்டுக்கு ஒரு முழுச் சட்டமே கிடைத்துவிட்டது. ஒருவர் ஒரு கோடுதான் வரையலாம் என்றால், மூன்றுக்கு மூன்று புள்ளியில் வருகிற குறியை மூடுவதற்கு மூன்று பேர் வேண்டும், மூன்று பேரும் அதே இரவில் அதே கனவைக் கண்டிருக்க வேண்டும், மூன்று பேரும் பேசாமல் ஒரே முற்றத்துக்கு வந்து சேர வேண்டும், அப்புறம் மூன்று பேரும் ஆளுக்கொரு நினைவை இழக்க வேண்டும். அடுத்த கதை அதைப் பற்றியதுதான்.

கதையில் ஓம், யந்திரம், அரபு எழுத்து போன்றவற்றை மந்திரக் குறியாக வைக்கலாமா? எங்கள் வீட்டில் தாயத்துத் தகட்டில் ஓதி எழுதிய எழுத்துகள் உண்டு. அழகாக இருக்கும். எழுத ஆசை, பயமாகவும் இருக்கிறது.
வாசகர், கிண்ணியா

தம்பி, அந்தப் பயம் நல்ல பயம், அதைக் கேளுங்கள். வைக்க வேண்டாம் என்பதுதான் என் கருத்து. இறைவசனம் எழுதிய தகட்டைப் பிள்ளையின் கழுத்தில் கட்டுகிற ஒரு தாய்க்கு அது கதை இல்லை. எங்கள் வீடுகளில் அச்சரக்கூடு கட்டுவதும், நாவூறு கழிப்பதும், கடிதத்தின் தலையில் பிள்ளையார் சுழி போடுவதும் அப்படித்தான். ஒருவர் நம்பிக்கையோடு கட்டியிருப்பதை எடுத்து என் கதையில் பூட்டுத் திறக்கிற சாவியாக்கினால், அவர் அதைப் படிக்கும்போது நோகும். நோகாவிட்டாலும் கதைக்கு நட்டம்தான், ஏனென்றால் அந்த எழுத்துகளுக்கு ஏற்கெனவே பொருள் இருக்கிறது, உங்கள் உலகத்துப் பொருள் அதற்குள் இறங்காது.

அமைப்பைப் படிக்கலாம், அதில் பிழையில்லை. ஸ்ரீசக்கரம் என்ற யந்திரத்தில் ஒன்பது முக்கோணங்கள் ஒன்றை ஒன்று வெட்டி நாற்பத்துமூன்று சிறு முக்கோணங்கள் உண்டாகின்றன. சில கோடுகளிலிருந்து இவ்வளவு பெருக்கம் எப்படி வருகிறது என்று பாருங்கள், பிறகு கொப்பியை மூடிவிட்டு உங்கள் உலகத்துக்கு உங்களுடையதை வரையுங்கள்.

மூன்றாம் பகுதியில் அவள் முடிச்சுக் குறியை வரைந்து காற்றைத் திருப்புகிறாள். கடைசிப் பகுதியில் அதே முடிச்சுக் குறியை வரைந்து கதவைத் திறக்கிறாள். ஒரு தடவைதான் வேலை செய்யும் என்று முதலில் நீங்கள்தான் எழுதினீர்கள். பிழையா?
பதினான்கு வயது வாசகன், சாம்பல்தீவு

பிழைதான். நன்றி மகன். நான் இரண்டு தடவை படித்தும் காணவில்லை, ஆசிரியர் குழுவும் காணவில்லை, நீங்கள் கண்டுவிட்டீர்கள்.

இதைச் சின்னப் பிழையாக நான் எடுக்கவில்லை. அப்பா முடிச்சுப் போடச் சொல்லிக்கொடுத்த நினைவைக் கொடுத்துத்தான் அவள் காற்றைத் திருப்பினாள். நினைவு போய்விட்டது, அப்படியானால் அந்த முடிச்சே அவள் கைக்கு வரக்கூடாது. வந்தால் முதலில் கொடுத்த விலை பொய் என்று ஆகிவிடும், அந்த இடத்தில் அழுத வாசகரை நான் ஏமாற்றினவள் ஆவேன். புத்தகமாக வரும்போது கடைசிப் பகுதியை மாற்றுவேன். அவள் முடிச்சுப் போடப் பார்ப்பாள், விரல்கள் தடுமாறும், ஏன் என்று அவளுக்கே தெரியாது. கதவு மூடித்தான் இருக்கும், அவள் வேறு வழி தேட வேண்டும். இப்படி யோசித்துப் பார்க்கும்போது கதை முன்பிருந்ததைவிட நன்றாக வருகிறது.

கனவில் எழுத்தை வாசிக்க முடியாது என்று கேள்விப்பட்டிருக்கிறேன். அப்படியானால் உங்கள் ஆட்கள் குறியை எப்படி நினைவில் வைத்து வரைகிறார்கள்?
வாசகி, சீனன்குடா

கவனித்துக் கேட்டிருக்கிறீர்கள். கனவு காண்கிறோம் என்று கனவுக்குள்ளேயே உணர்கிறவர்கள் பலர் இதைச் சொல்கிறார்கள்: ஒரு பலகையை வாசித்துவிட்டுக் கண்ணை எடுத்துத் திரும்பப் பார்த்தால் எழுத்து மாறியிருக்கும், மணிக்கூடும் அப்படித்தான். நானும் சோதித்துப் பார்த்தேன். கனவில் எங்கள் தெருப் பெயர்ப்பலகை ஒவ்வொரு தடவையும் வேறு மாதிரி இருந்தது.

முதல் வரைவில் என்னுடைய ஆட்கள் சுவரில் எழுதியிருக்கும் குறியைப் பார்த்து மனப்பாடம் செய்வதாகத்தான் எழுதியிருந்தேன். அது சரிவராது என்று தெரிந்ததும் மாற்றினேன். துயில்நாட்டில் குறியைக் கண் காண்பதில்லை, கை செய்கிறது. கனவில் அவள் வலை பொத்துகிறாள், மாவு பிசைகிறாள், ஒரு பிள்ளையின் தலையைத் தடவுகிறாள். அந்தக் கை போன பாதைதான் குறி. எழும்பினதும் கண்ணை மூடிக்கொண்டு கையை விட்டால் அது போன வழியே திரும்பப் போகும்.

இதற்கு எதிரான சாட்சி ஒன்றும் உண்டு, அதையும் சொல்ல வேண்டும். கணிதமேதை ராமானுஜன் நாமக்கல் நாமகிரித் தாயாரின் பக்தர். தூக்கத்தில் இரத்தம் வழிந்து உண்டான ஒரு சிவந்த திரையைக் கண்டதாகவும், அதில் ஒரு கை வந்து கணிதக் கோவைகளை எழுதியதாகவும், எழும்பின உடனே அவற்றைக் குறித்துக்கொண்டதாகவும் அவர் சொல்லியிருக்கிறார். ஆக எழுதுகிற கையைக் கண்டு, எழுதினதையும் மனத்தில் நிறுத்தியிருக்கிறார். ஆனால் பகல் முழுதும் சிலேட்டில் அதையே எழுதி அழித்துக்கொண்டிருந்த ஒருவருக்கு அது எழுத்தாகவா வந்திருக்கும்? அவருடைய கைப்பழக்கமாகவே வந்திருக்கும் என்பது என் எண்ணம்.

எந்தச் சாமத்துக் கனவுக் குறிக்குப் பலம் அதிகம்? விடியற்காலைக் கனவு பலிக்கும் என்று சொல்கிறார்களே.
வாசகர், பாலையூற்று

நம்மிடம் கனாநூல் என்றே ஒரு பழைய நூல் உண்டு, பொன்னவன் செய்தது என்பார்கள். முதற்சாமக் கனவு ஓராண்டில் பலிக்கும், இரண்டாம் சாமத்துக் கனவு 8 மாதத்தில், மூன்றாம் சாமத்துக் கனவு 3 மாதத்தில், கடைச்சாமத்துக் கனவு 10 நாளில் என்று அது கணக்குச் சொல்கிறது. எதிர்காலம் கனவில் தெரியும் என்று நான் நம்புகிறவள் இல்லை. ஆனால் விடியலுக்கு அவர்கள் கொடுத்த இடத்துக்குக் காரணம் இருக்கிறது. 1953 இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் அசெரின்ஸ்கி, கிளைட்மன் என்ற இருவர், தூக்கத்தில் இமைக்குள் கண் வேகமாக ஓடுகிற கட்டங்கள் இருப்பதை அறிவித்தார்கள். அந்த நேரத்தில் எழுப்பினால் பெரும்பாலானவர்கள் தெளிவான கனவு ஒன்றைச் சொல்வார்கள். ஏறக்குறைய 90 நிமிடத்துக்கு ஒரு தடவை அது வரும், முதலில் சில நிமிடங்கள்தான் இருக்கும், விடிய விடிய நீண்டுகொண்டு போகும். அதனால்தான் விடியற்கனவு நீளமாகவும், எழும்பினபோது கையில் ஒட்டிக்கொண்டும் இருக்கிறது.

துயில்நாட்டில் நான் பொன்னவன் கணக்கை அப்படியே எடுத்து, பலிக்கும் நாளுக்குப் பதிலாகக் குறி கெட்டுப்போகும் நாளாக வைத்தேன். முதற்சாமக் குறியை ஒரு வருடம் வரை பயன்படுத்தாமல் வைத்திருக்கலாம். விடியற்குறி பத்தே நாள், அதற்குள் பயன்படுத்தாவிட்டால் வெறும் கோடு. பலத்தைக் கேட்டீர்கள். பத்து நாள்தான் இருக்கும் குறிக்குத்தான் பலம் கூட.

எல்லாவற்றையும்விடச் சக்தி வாய்ந்த குறி எது?
வாசகர், அபயபுரம்

அப்படி ஒன்று இல்லை. இருந்தால் எல்லாரும் அதையே தேடிப் போவார்கள், மிச்சக் கதை செத்துவிடும்.

துயில்நாடு படிக்கும்போது திருகோணமலை போலவே இருக்கிறது. எந்தெந்த இடம் என்று சொல்வீர்களா?
புலம்பெயர்ந்த வாசகி, பிறந்த இடம் திருக்கடலூர்

அக்கா, ஊரை விட்டுப் போனவர்களுக்கு உடனே தெரிந்துவிடுகிறது. சொல்கிறேன்.

கோட்டை வாசல் உங்களுக்கு நினைவிருக்கும். கோணேசர் கோயிலுக்குப் போகும்போது அதற்குள்ளால்தானே போவோம். வாசல் கல்லில் கயல் மீன் பொறிப்பு உண்டு, பாண்டியர் சின்னம். 17ஆம் நூற்றாண்டில் போர்த்துக்கேயர் கோயிலை இடித்து அந்தக் கற்களைக் கொண்டே கோட்டையைக் கட்டினார்கள், அப்படி வந்து சேர்ந்த கல். சின்ன வயதில் அப்பாவின் சைக்கிளில் முன்னால் இருந்து போகும்போது அந்த மீனைக் கையால் தொட்டுவிட வேண்டும் என்று ஒவ்வொரு வெள்ளியும் நினைப்பேன், சைக்கிள் நிற்காது. கோயிலுக்கென்று செதுக்கின ஒரு குறி, கோயிலை உடைத்தவனின் வாசலில், பேசாமல் இருக்கிறது. துயில்நாட்டில் ‘இடம் மாறின குறி’ என்று ஒரு வகை வருகிறதே, கண்டவர் இறந்த பிறகும் கல்லில் நின்று யாருக்காகவோ காத்திருப்பது, அது இந்த மீன்தான். மலைக்குக் கீழே கடலுக்குள்ளும் பழைய கோயிலின் தூண்களும் செதுக்கிய கற்களும் கிடக்கின்றன, 1956 இல் அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க்கும் அவருடைய நண்பர் மைக் வில்சனும் மூழ்கிப் பார்த்தார்கள். கதையில் தீவின் அடியில் தூங்குகிற நகரம் அங்கிருந்து வந்தது.

மற்றது கன்னியா. ஏழு வெந்நீர்க் கிணறுகள், பக்கத்தில் பக்கத்தில் இருந்தும் ஒவ்வொன்றின் சூடும் கொஞ்சம் வித்தியாசம். இராவணன் தாயின் ஈமக்கடனுக்குத் தண்ணீர் வேண்டி ஏழு இடத்தில் குத்தியதாகக் கதை, இன்றைக்கும் சனங்கள் அங்கே அந்தியேட்டி செய்கிறார்கள். எங்கள் அம்மம்மாவுக்கும் அங்கேதான் செய்தோம். அன்று இரவு கனவில் நான் ஒவ்வொரு கிணறாகத் தண்ணீர் அள்ளிக்கொண்டு போகிறேன், ஆறாவது வரை சூடு, ஏழாவதில் வாளி வெறுமனே கல்லில் முட்டுகிறது. எழும்பிக் கொப்பியில் ஏழு வட்டம் போட்டு ஒரே கோட்டால் சுற்றினேன். கதை அந்தப் பக்கத்தில்தான் தொடங்கியது. அம்மம்மாவின் முகம் நினைவில் இருக்கிறது, குரல் மெல்ல மெல்லப் போய்க்கொண்டிருக்கிறது. ‘விலை’ என்ற சட்டத்தை நான் யோசித்துக் கண்டுபிடிக்கவில்லை.

சுனாமியில் என் தங்கச்சி போனாள். அம்மாவுக்கு இத்தனை வருடத்துக்குப் பிறகும் அதே கனவு, கதவுக்குக் கீழால் தண்ணீர் வருகிறது, அவ கதவைப் பிடித்துக்கொண்டு நிற்கிறா. உங்கள் கதையைப் படித்தபோது, அம்மாவின் கனவை ஒரு குறியாக வைத்து நான் ஒரு கதை எழுதினால் என்ன என்று தோன்றியது. எழுதலாமா?
வாசகர், நிலாவெளி

உங்கள் கடிதத்தை மூன்று நாள் மேசையில் வைத்திருந்தேன் தம்பி.

முதலில் அம்மாவைக் கேளுங்கள். அது அவவின் கனவு. துயில்நாட்டிலும் ஒருவருடைய கனவை இன்னொருவர் வரைவதென்றால், கண்டவர் தன் வாயால் முழுக்கச் சொல்லி, எடுத்துக்கொள் என்று சொல்ல வேண்டும். அம்மா வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள், உங்களுக்கென்று உங்கள் கனவு இருக்கும். 2004 டிசம்பர் 26 உங்களுக்கும்தானே நடந்தது.

அம்மா சம்மதித்தால், ஒன்றை யோசித்துவிட்டு எழுதுங்கள். குறியை வரைந்தால் அது முளைத்த நினைவு போய்விடும் என்பது என் உலகத்துச் சட்டம். அந்தத் தண்ணீரை மறக்க உங்கள் அம்மா விரும்புவாவா? கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற நேரத்தில் தங்கச்சி அவவுக்குப் பின்னால் உயிரோடு நின்றாள் இல்லையா? தண்ணீர் போனால் அவளும் போவாள். இந்தக் கேள்விக்குப் பதில் என்னிடம் இல்லை. உங்கள் கதை அதற்குள் போகட்டும், அவசரப்பட்டு முடிக்க வேண்டாம், உங்கள் உலகத்துக்கு என்னுடைய சட்டம் பொருந்தாவிட்டால் தூக்கிப் போடுங்கள்.

கதைக்கு வெளியே ஒன்று. இப்படித் திரும்பத் திரும்ப வரும் கெட்ட கனவுக்குச் சிகிச்சை உண்டு. கனவின் போக்கை விழித்திருக்கும்போது வேறு மாதிரி மாற்றி எழுதி, அந்த மாற்றின காட்சியைத் தினமும் கொஞ்ச நேரம் மனத்தில் ஓட்டிப் பார்க்கச் சொல்வார்கள். பலருக்குக் கனவு வருவது குறைந்திருக்கிறது. நடந்ததை அது அழிக்காது, ஆளையும் மறக்க வைக்காது. தனியாகச் செய்யாமல் தெரிந்தவரின் துணையோடு செய்வது நல்லது. அரசாங்க வைத்தியசாலைகளில் மனநலப் பிரிவு இருக்கிறது, அம்மாவைக் கூட்டிக்கொண்டு போங்கள், அல்லது முதலில் நீங்கள் தனியாகப் போய்க் கதைத்துவிட்டு வாருங்கள். இத்தனை வருடம் ஆகிவிட்டதே, இனி என்ன என்று நினைக்க வேண்டாம்.

எழுதினால் எனக்கு அனுப்புங்கள். அச்சிடுவதற்காகக் கேட்கவில்லை, படிக்க ஆசை.

எனக்கு எட்டு வயசு. என் கனவில ஒரு மான் வந்தது. அதன் கொம்பில பஸ் நம்பர் எழுதி இருந்தது. நான் அதைக் குறியா வரைஞ்சு அனுப்பி இருக்கிறேன். வேலை செய்யுமா?
வாசகி, திருகோணமலை நகரம்

குட்டி, படம் பத்திரமாக வந்து சேர்ந்தது. பச்சைப் பென்சிலால் மான் வரைந்தது எனக்கு நிறையப் பிடித்தது. மற்ற ஊர்ப் பிள்ளைகளுக்கு மான் என்றால் காடு. உங்களுக்கு மான் என்றால் பள்ளிக்கூடம் போகும் வழியில் நடுத்தெருவில் நின்று வாழைப்பழத்தோல் தின்கிற ஆள். அதனால்தான் உங்கள் மானுக்குப் பஸ் நம்பர் இருக்கிறது, வேறு யாருடைய மானுக்கும் இருக்காது.

கோடு இடப்பக்கக் கொம்பில் கொஞ்சம் திறந்திருக்கிறது. யாராவது பெரியவர்கள் மூடித் தருகிறேன் என்றால் கொடுக்க வேண்டாம், அது உங்கள் கை போன வழி. இன்னொரு விடியலில் அந்த மான் வந்தால் அப்போது நீங்களே மூடலாம். எனக்கு இரண்டு விஷயம் தெரிய வேண்டும். நம்பரை இரண்டாம் தரம் பார்த்தபோது அது மாறியிருந்ததா? அந்த மானில் ஏறினால் எந்த ஊருக்குப் போகலாம்?